பழைய பேரிங்கைக் கேட்டு வாங்குங்கள்

சென்னையில் வாடகைக் கார் ஓட்டுகிறவர்களுக்கு ஒரு மெக்கானிக் எழுதும் மடல்

அன்புள்ள தம்பிகளே, இப்போது ஸ்டியரிங் பிடிக்க வந்திருக்கும் தங்கைகளே, என்னைவிட மூத்த இரண்டொரு அண்ணன்மார்களே,



மழைக்காலம் முடிந்து ஒரு மாதம் ஆனதும் என் ஷெட்டுக்கு ஒரே மாதிரி வண்டிகளாக வரத் தொடங்கும். வண்டியிலிருந்து இறங்கும்போதே ஓட்டுநர் தீர்ப்பைச் சொல்லிவிடுவார். "அண்ணே, பின்னாடி லெஃப்ட் பேரிங் போச்சு. மாத்திக் குடுங்க, சாயங்காலம் ஏர்போர்ட் டிரிப் இருக்கு." இந்த முறை வந்த தம்பியும் அதையேதான் சொன்னார். டிசையர், மஞ்சள் நம்பர் பலகை, மூன்றே கால் லட்சம் கிலோமீட்டர் ஓடியது. நான் திருப்பிக் கேட்ட கேள்வி அவருக்குப் பிடிக்கவில்லை.

"இதுக்கு முன்னாடி கழட்டின பேரிங் எங்கே?"

அந்த இடது பின் சக்கரத்துக்கு எட்டு மாதத்தில் இது மூன்றாவது பேரிங். முன்பு இரண்டு தடவையும் வேறொரு ஷெட்டில் மாற்றியிருக்கிறார். கழற்றியதை அவர்கள் கொடுக்கவில்லை, இவரும் கேட்கவில்லை. "பழைய இரும்பை வெச்சு நான் என்னண்ணே பண்ணப் போறேன்?" என்றார். அந்தக் கேள்விக்கு வாயால் பதில் சொல்ல நேரம் போதவில்லை. எழுத உட்கார்ந்துவிட்டேன். அவருக்குச் சொல்ல வேண்டியது உங்கள் எல்லோருக்கும் சொல்ல வேண்டியதுதான்.

முதலில் அந்த இரும்பு என்ன வேலை பார்க்கிறது என்று பார்ப்போம். டிசையரில் வண்டியை இழுப்பது முன் சக்கரங்கள். பின் சக்கரத்துக்கு எஞ்சினோடு ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. கூடவே உருண்டு வரும், எடையைத் தாங்கும், மிதித்தால் பிரேக் பிடிக்கும். பின் அச்சின் முனையில் ஸ்பிண்டில் என்று ஒரு தண்டு நீட்டிக்கொண்டிருக்கும். அது சுற்றாது, அதன் மேல் பிரேக் டிரம்தான் சுற்றும். சுற்றாத தண்டுக்கும் சுற்றுகிற டிரம்முக்கும் நடுவே உட்கார்ந்திருப்பதுதான் பேரிங். உள்ளே ஒரு வளையம், இன்னர். வெளியே ஒரு வளையம், அவுட்டர். இடையில் இரண்டு வரிசையாகக் குண்டுகள். சைக்கிள் கடையில் பால்ரஸ் என்போமே, அதே சங்கதிதான். இதில் கிரீஸ் வைத்து இரண்டு பக்கமும் சீல் போட்டு மூடியிருக்கும், அதனால் இடையில் யாரும் திறந்து பார்க்க வேண்டியதில்லை.

165/80 ஆர்14 டயரின் சுற்றளவு 2 மீட்டருக்குச் சற்றுக் குறைவு. கணக்குப் போட்டால் கிலோமீட்டருக்கு 510 சுற்றுக்கு மேல் வருகிறது. லட்சம் கிலோமீட்டர் ஓடிய வண்டியின் சக்கரம் 5 கோடி தடவை சுற்றியிருக்கும். இத்தனை சுற்றிலும் குண்டு உருளும் தடம் கண்ணாடி மாதிரி இருக்க வேண்டும். நல்லபடியாகப் பொருத்திய பேரிங்கில் அப்படியே இருக்கும். எல்லோரும் "பேரிங் தேஞ்சு போச்சு" என்கிறோம். எனக்கென்னவோ அந்தச் சொல் பொருத்தமாகப் படவில்லை. செருப்பு தேய்கிற மாதிரி பேரிங் தேய்வதில்லை. கம்பியை முன்னும் பின்னும் வளைத்துக்கொண்டே இருந்தால் ஒரு கட்டத்தில் பட்டென்று ஒடியுமே, அப்படித்தான் இதுவும் அலுத்துப் போகிறது. ஒவ்வொரு குண்டும் கடந்து போகும்போது எஃகை ஒரு அழுத்து அழுத்திவிட்டுப் போகும். கோடிக்கணக்கில் அழுத்து வாங்கினால் மேல்தோலுக்குக் கீழே முடி மாதிரி ஒரு விரிசல் பிறக்கும். பிறகு ஒரு நாள் தோல் செதிலாகப் பெயர்ந்து வரும். அந்தக் குழியில் குண்டுகள் விழுந்து எழும் ஓசைதான் உங்களுக்கு "ஊ..." என்று கேட்கிறது.

எடைக்கும் ஆயுளுக்கும் உள்ள கணக்கை 1947ல் சுவீடனைச் சேர்ந்த லுண்ட்பெர்க், பாம்கிரென் என்ற இருவர் எழுதிவைத்தார்கள். குண்டு பேரிங்கில் எடை 2 மடங்கானால் ஆயுள் பாதியாகாது, 8ல் ஒன்றாகிவிடும். எடை கால் பங்கு கூடினாலே ஆயுள் ஏறத்தாழப் பாதியாகும். டிக்கியில் சிஎன்ஜி சிலிண்டர், உள்ளே ஐந்து பேர், மேலே கேரியரில் திருப்பதி போய் வந்த மூட்டைகள் என்று போகும்போது இந்தக் கணக்கை ஒரு தடவை நினைத்துக்கொள்ளுங்கள். சவாரியை வேண்டாம் என்று சொல்லவில்லை. உங்கள் தவணை என்ன என்று எனக்கும் தெரியும்.

சத்தத்துக்கு வருகிறேன். பின்னால் ஊளையிட்டால் பேரிங்தான் என்று முடிவு கட்டாதீர்கள். என்னிடம் "பேரிங் போச்சு" என்று வந்த வண்டிகளில் பலவற்றுக்குக் கோளாறு டயரில்தான் இருந்தது. ஒரு பக்கமாக, அலை அலையாகத் தேய்ந்த டயர் அச்சு அசலாகப் பேரிங் மாதிரியே கத்தும். பிரித்துப் பார்க்க வழி உண்டு. புதிதாகத் தார் போட்ட வழவழப்பான சாலையிலிருந்து கான்கிரீட் சாலைக்கு ஏறும்போது குரல் மாறினால் டயரைச் சந்தேகியுங்கள். பேரிங்குக்குச் சாலை எதுவானாலும் ஒன்றுதான். அப்படியும் தெளியாவிட்டால் பின் சக்கரங்களை முன்னுக்கு மாற்றி ஒரு நாள் ஓட்டுங்கள். சத்தமும் முன்னுக்கு வந்துவிட்டால் பேரிங் வாங்கும் காசு மிச்சம். எஞ்சினோ என்ற சந்தேகத்துக்கு, ஆளில்லாத சாலையில் 60ல் போகும்போது கிளட்சை மிதித்துப் பாருங்கள். எஞ்சின் ஓசை அடங்கிய பிறகும் ஊளை அப்படியே இருந்து, வண்டி வேகம் குறையக் குறைய அதுவும் குறைந்தால், எஞ்சின் மேல் குற்றமில்லை.

எந்தப் பக்கம்? இதற்கு நம் ஊரிலேயே நல்ல சோதனைக்கூடம் இருக்கிறது: கத்திப்பாரா. 2008ல் திறந்தது முதல் அந்த மேம்பாலத்தின் வளையங்களை நீங்கள் எத்தனை தடவை சுற்றியிருப்பீர்கள். அந்த வளையங்கள் எல்லாமே இடது கைப் பக்கமாகச் சுற்றுபவை. இடது பக்கம் திரும்பும்போது வண்டி வலது பக்கம் சாயும்; வலது சக்கரங்களில் எடை ஏறும். வளையத்தில் ஏறியதும் ஊளை கூடினால் வலது பேரிங்கைப் பாருங்கள், அடங்கினால் இடதைப் பாருங்கள். அங்கே வேகம் காட்ட வேண்டாம். நன்றாகக் கெட்ட பேரிங் 30, 40லேயே காட்டிக்கொடுத்துவிடும். நெடுஞ்சாலையில் வண்டியை இப்படியும் அப்படியும் ஒடித்துப் பார்க்கச் சொல்கிறவர் யாராக இருந்தாலும், நான் உட்பட, கேட்காதீர்கள். பின் சீட்டில் உட்கார்ந்து காதால் பக்கம் சொல்வதையும் நம்பாதீர்கள். தகரம் முழுக்க அதிர்வதால் வலது பக்கத்து ஓசை இடது காதில் விழும். இரண்டு வரிசைக் குண்டு உள்ள பேரிங்கில் கத்திப்பாரா சோதனையே கூடச் சில சமயம் ஏமாற்றும்.

கடைசியில் ஜாக்கிதான் உண்மை சொல்லும். முன் சக்கரங்களுக்குக் கல் வைத்து, ஹேண்ட் பிரேக்கை இறக்கி, பின் பக்கத்தைத் தூக்கி ஸ்டாண்டு போடுங்கள். ஸ்டாண்டு என்றேன், ஜாக்கியை மட்டும் நம்பி அடியில் கை விடாதீர்கள். சக்கரத்தை மேலும் கீழும் பிடித்து ஆட்டிப் பாருங்கள். 'லொட லொட' என்றால் கேஸ் முடிந்தது. ஆட்டம் இல்லை என்பதால் நல்லது என்று அர்த்தமில்லை. குழி விழுந்த பேரிங்கில் பல நாள் ஆட்டமே தெரியாது. ஒரு கையால் காயில் ஸ்பிரிங்கைப் பிடித்துக்கொண்டு மறு கையால் சக்கரத்தைச் சுழற்றுங்கள். நல்ல பேரிங் என்றால் ஸ்பிரிங்கில் ஒன்றும் தெரியாது. கெட்டது என்றால் அம்மிக்கல்லில் மணல் அரைக்கிற மாதிரி உள்ளங்கையில் உறுத்தும். என் ஆசான் எனக்குக் கற்றுக் கொடுத்ததிலேயே சிறந்த பாடம் இது.

"இன்னும் எவ்வளவு நாள் ஓட்டலாம்?" என்று எல்லோரும் கேட்கிறார்கள். தெரியாது என்பதுதான் நேர்மையான பதில். ஊளையோடு மாதக்கணக்கில் ஓடிய வண்டியும் உண்டு. வாரத்துக்குள் குண்டுகளைப் பிடித்திருக்கும் கேஜ் உடைந்து ஓரத்தில் நின்றதும் உண்டு. ஆட்டம் வந்த பிறகு டிரம் கோணலாகச் சுற்றும், பிரேக் ஷூவில் உரசும், ஏபிஎஸ் விளக்கு எரியும். அதற்கும் பிறகு சூட்டில் கிரீஸ் கருகி, இன்னர் ஸ்பிண்டிலோடு பற்றிக்கொள்ளும். பேரிங்கோடு போயிருக்க வேண்டிய செலவு அச்சையே மாற்றும் செலவாகிவிடும். முழுச் சக்கரமும் பூட்டிக்கொண்டால் என்ன ஆகும் என்று பயணியை ஏற்றிக்கொண்டு போகிற உங்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை.

இனி கழற்றும் கதை. சக்கரம் தரையில் இருக்கும்போதே நடு நட்டைத் தளர்த்திவிட வேண்டும். தூக்கிய பிறகு அந்த முரட்டு நட்டோடு மல்லுக்கட்டினால் வண்டியே ஸ்டாண்டிலிருந்து இறங்கிவிடும். அதற்கு முன் கிரீஸ் மூடியைத் தட்டி எடுத்து, நட்டின் மடங்கிய உதட்டை நிமிர்த்த வேண்டும். நிமிர்த்தாமல் ஸ்பானர் போட்டால் ஸ்பிண்டில் மரை சிதைந்து போகும். டிரம் வெளியே வர அடம்பிடித்தால் சுத்தியால் மொத்தாதீர்கள். டிரம்மிலேயே மரை போட்ட இரண்டு துளை இருக்கும், சரியான போல்டை இரண்டிலும் மாற்றி மாற்றி முறுக்கினால் தானாகத் தள்ளிக்கொண்டு வரும். டிரம்முக்குள் இருக்கும் கரித்தூளை வாயாலோ காற்றுக் குழாயாலோ ஊதாதீர்கள். ஈரத் துணியால் துடையுங்கள். பழைய ஷூக்களில் ஆஸ்பெஸ்டாஸ் கலந்த காலம் ஒன்று இருந்தது. அந்தத் தூசியைச் சுவாசித்து வளர்ந்த தலைமுறை என்னுடையது. பேரிங்கைப் பிடித்திருக்கும் சர்க்ளிப் வளையத்தைக் கழற்றி, டிரம்மைப் பிரஸ்ஸில் வைத்து அழுத்தினால் பேரிங் கீழே விழும்.

பெரும்பாலான ஷெட்டுகளில் அது நேராக இரும்புக் கூடைக்குப் போய்விடும். நான் உங்களிடம் கேட்டுக்கொள்வது ஒன்றே ஒன்றுதான்: அந்த இடத்தில் கையை நீட்டுங்கள்.

செத்த பேரிங் பேசும். சீலை நெம்பி எடுத்து, மண்ணெண்ணெயில் கழுவி, வெயிலில் பிடித்துப் பாருங்கள். டிசையரில் இன்னர் சுற்றாது என்றேன் அல்லவா? வண்டியின் எடை முழுவதும் அதன் அடிப்பக்கத்திலேயே விழும். ஆகவே இன்னரின் தடத்தில் ஒரு பக்கம் மட்டும் செதில் பெயர்ந்து, மற்றப் பக்கம் பளபளப்பாக இருந்தால், அது வாழ்ந்து முடித்த பேரிங். யார் மேலும் குற்றமில்லை. புதியதைப் போட்டுக்கொண்டு போகலாம். கிரீஸ் காப்பி நிறத்துக்குக் கலங்கி, தடத்தில் குண்டுகளுக்கு இடையே உள்ள தூரத்துக்கே வரிசையாகத் துருக் கோடுகள் இருந்தால், தண்ணீர் புகுந்து, வண்டி அசையாமல் நின்றிருக்கிறது. 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வேளச்சேரியையும் பள்ளிக்கரணையையும் மூழ்கடித்ததே, அதற்குப் பிறகு நான் கழற்றிய பேரிங்குகள் பெரும்பாலும் இந்தச் சாதி. மறு வருடம் அக்டோபரில் மழை எச்சரிக்கை வந்ததும் வேளச்சேரி மேம்பாலத்தில் கார்கள் வரிசை கட்டி நின்ற படத்தைப் பார்த்துப் பலர் சிரித்தார்கள். நான் சிரிக்கவில்லை. சிரிப்பதற்கு முன் அவர்கள் ஒரு தடவை என் ஷெட்டில் பேரிங் கழுவும் தொட்டியில் கை நனைத்திருக்க வேண்டும்.

நிற்கிற வண்டி மட்டுமல்ல, ஓடுகிற வண்டியும் தண்ணீர் குடிக்கும். நெடுந்தூரம் ஓடிச் சூடேறிய ஹப் குளிர்ந்த வெள்ளத்துக்குள் இறங்கும்போது உள்ளே இருக்கும் காற்று சட்டென்று சுருங்கும். வெளியில் இருக்கும் தண்ணீரைச் சீலின் விளிம்பு வழியாக உறிஞ்சிக்கொள்ளும். அன்றைக்கு ஒன்றும் தெரியாது. சத்தம் கேட்கச் சில வாரங்கள் ஆகும். அதற்குள் மழையே மறந்து போயிருக்கும்.

மூன்றாவது வகைக் காயம் ஒன்று உண்டு. தடத்தில் துருவும் இருக்காது, செதிலும் இருக்காது. சம இடைவெளியில் சின்னச் சின்னப் பள்ளங்கள், யாரோ விரல் நுனியால் மாவில் அழுத்திவைத்த மாதிரி. ஓடும்போது பெரிய குழியில் விழுந்தாலும் இது வரும். ஆனால் பேரிங் போட்ட மறுநாளே ஊளை தொடங்கியிருந்தால் பள்ளம் விழுந்தது சாலையில் இல்லை, ஷெட்டில். எனக்கு இது நன்றாகத் தெரியும், ஏனென்றால் பையனாக எடுபிடி வேலை பார்த்த நாளில் நானே செய்திருக்கிறேன். ஆசான் டீ குடிக்கப் போயிருந்தார். அவர் வருவதற்குள் வேலையை முடித்துப் பேர் வாங்க வேண்டும் என்று, புதுப் பேரிங்கின் இன்னரில் குழாயை வைத்து நாலு சாத்து சாத்தி டிரம்முக்குள் இறக்கிவிட்டேன். டிரம்மைக் கவ்வுவது அவுட்டர், அடித்தது இன்னரில். அடித்த அடி அத்தனையும் குண்டுகள் வழியாகத்தான் போயிருக்கிறது. ஆசான் வந்து, டிரம்மைக் கையில் எடுத்து ஒரு சுற்று சுற்றினார். ஒன்றும் சொல்லவில்லை. மறுபடியும் கழற்றி அவுட்டரை உடைத்து உள்ளே காட்டினார். வரிசையாகப் பள்ளங்கள். அந்த வாரச் சம்பளத்தில் பேரிங் காசு பிடித்துக்கொண்டார். நியாயம்தான். ஆனால் உடைத்துக் காட்டினாரே, அதற்கு நான் இன்றும் அவருக்குக் கடன்பட்டிருக்கிறேன்.

அந்த ஆசான் படிக்காதவர். அவர் செய்ததையே படித்தவர் ஒருவர் செய்து, அதனால் ஒரு பெரிய கம்பெனியே பிறந்த கதையைப் பின்னாளில்தான் படித்தேன். சுவீடனில் யோத்தபோரி என்ற துறைமுக நகரம். அங்கே ஒரு நெசவாலையில் ஸ்வென் விங்விஸ்ட் என்ற என்ஜினியர் வேலை பார்த்தார். ஆலை நின்ற இடம் களிமண் பூமி. மண் நகர நகர, கூரையடியில் ஓடிய நீண்ட தண்டுகள் கோணிக்கொள்ளும். பேரிங்குகள் ஒன்றன்பின் ஒன்றாகப் போகும். மாற்றிக்கொண்டே இருந்திருக்கலாம், சம்பளம் வந்திருக்கும். அவர் ஏன் போகிறது என்று பார்த்தார். தண்டு கோணினாலும் தானே சாய்ந்து ஒத்துப்போகிற இரட்டை வரிசைக் குண்டு பேரிங்கை 1907ல் செய்தார். அதே ஆண்டு தொடங்கிய கம்பெனிதான் எஸ்கேஎஃப்; ஜி.பி. ரோட்டில் ஸ்பேர் கடைப் பலகைகளில் இன்றும் நீங்கள் பார்க்கிற பெயர். அவர்கள் பேரிங்குக்காகப் பதிந்து வைத்திருந்த ஒரு பெயர் பிறகு காருக்குப் போனது: வோல்வோ. லத்தீனில் 'உருள்கிறேன்' என்று பொருளாம். பஸ்ஸில் அந்தப் பெயரைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குக் களிமண் ஞாபகம் வரும்.

நம் டிசையர் தம்பிக்கு வருவோம். டிரம்மைக் கழற்றிப் பிரஸ்ஸில் வைத்தேன். பிரஸ்ஸுக்கு வேலையே இல்லை. கட்டையால் தட்டியதும் பேரிங் தொப்பென்று கையில் விழுந்தது. அங்கேயே பாதி விடை கிடைத்துவிட்டது. சுற்றுகிற டிரம்மில் அவுட்டர் கெட்டியாகக் கவ்வி இருக்க வேண்டும். டன் கணக்கில் அழுத்தாமல் வரவே கூடாது. கழுவிப் பார்த்தேன். அவுட்டரின் வெளிப்பக்கம் சந்தனம் அரைத்த கல் மாதிரி வழுவழுவென்று மின்னியது. ஓரத்தில் செம்பழுப்புத் தூள். டிரம்முக்குள் பேரிங் மொத்தமாகச் சுற்றிச் சுற்றி, உட்காரும் இடத்தைத் தின்றிருக்கிறது. உள்ளே விரலை விட்டுத் தடவினேன். நெருநெருவென்று புள்ளிகள். விளக்கடித்துப் பார்த்தால், சுற்றிலும் பஞ்ச் வைத்துக் குத்தியிருக்கிறார்கள்.

இது பழைய தந்திரம். இடம் லூசாகிவிட்டால் ஒரு பஞ்சால் நாற்பது ஐம்பது குத்து குத்துவது. குத்திய இடத்தில் உலோகம் மேடாகும். பேரிங் இறுக்கமாகப் போகும். ஓட்டுநர் முன்னால் சுற்றிக் காட்டினால் அருமையாக இருக்கும். ஆனால் பேரிங் உட்கார்ந்திருப்பது முள் மேல். சில ஆயிரம் கிலோமீட்டரில் மேடுகள் அமுங்கிப் போகும், ஆட்டம் திரும்பி வரும். அந்தத் தம்பிக்கு முதலில் போட்ட பேரிங்கும் அப்படிப் போய்விட்டது, இரண்டாவதும் அதே மாதிரி போய்விட்டது. பேரிங் கம்பெனியைத் திட்டிக்கொண்டிருந்தார். பேரிங் மேல் ஒரு குற்றமும் இல்லை. மாற்ற வேண்டியிருந்தது டிரம்மை. முதல் தடவை கழற்றியதைக் கையில் வாங்கிப் பார்த்திருந்தால், அவுட்டரின் அந்த மினுமினுப்பு மெக்கானிக் இல்லாதவர் கண்ணுக்கும் பட்டிருக்கும். பட்டு, "இது ஏன்ணே இப்படி இருக்கு?" என்று ஒரு கேள்வி வந்திருந்தால், இரண்டு பேரிங் விலையும் இரண்டு நாள் ஓட்டமும் மிஞ்சியிருக்கும். குத்தியவர் கெட்டவர் என்று சொல்ல மாட்டேன். டிரம் விலையைச் சொன்னால் நீங்கள் வண்டியை எடுத்துக்கொண்டு அடுத்த ஷெட்டுக்குப் போய்விடுவீர்கள் என்று அவருக்குத் தெரியும். பஞ்சைக் கண்டுபிடித்ததில் உங்களுக்கும் பங்கு உண்டு தம்பிகளே.

போடும்போது என்ன பார்க்க வேண்டும் என்று சுருக்கமாகச் சொல்கிறேன். நீங்கள் செய்யப் போவதில்லை, பக்கத்தில் நிற்கத்தான் போகிறீர்கள். புதுப் பேரிங் டிரம்முக்குள் கையாலேயே போனால் வேலையை நிறுத்தச் சொல்லுங்கள். நான் பேரிங்கை முந்தின ராத்திரியே ஃபிரிட்ஜில் ஐஸ் தட்டுக்குப் பக்கத்தில் வைத்துவிடுவேன் (வீட்டில் திட்டு வாங்கியது தனிக்கதை). டிரம்மை வெந்நீரில் போட்டுச் சூடேற்றுவேன். இது சுருங்கும், அது விரியும், பிரஸ் பாதி பலத்திலேயே இறங்கிவிடும். கேஸ் விளக்கைக் காட்டிச் சூடேற்றுகிறவரிடம் கொடுக்காதீர்கள். அழுத்துவது அவுட்டரில் மட்டும். பழைய பேரிங்கின் அவுட்டரையே நடுவில் வைத்து அழுத்துவது நல்ல வழி. பாருங்கள், அதற்கும் பழையது வேண்டியிருக்கிறது. சர்க்ளிப் காடியில் 'டிக்' என்று உட்கார வேண்டும். சில வண்டிகளில் ஏபிஎஸ் சென்சார் படிக்கும் காந்த வளையம் பேரிங்கின் ஒரு பக்கத்துச் சீலிலேயே இருக்கும். திருப்பிப் போட்டால் வண்டி ஓடும், மஞ்சள் விளக்கு மட்டும் அணையாது. நடு நட்டு புதிதாக இருக்க வேண்டும். ஒரு தடவை உதடு மடங்கிய நட்டை மறுபடி மடக்கக் கூடாது. கடைசி முறுக்கு டார்க் ரெஞ்சில், மேனுவலில் போட்டிருக்கும் அளவுக்கு. ஸ்பானரில் குழாயை மாட்டி, பையனை மேலே ஏறி மிதிக்கச் சொல்வதும் காற்றுத் துப்பாக்கியால் 'கிர்ர்' என்று முடித்துவிடுவதும் ஒன்றுதான். இரண்டிலும் அளவு யாருக்கும் தெரியாது.

கப்பும் கோனுமாக வரும் பழைய வகை வண்டி வைத்திருப்பவர்களுக்கு மேலே சொன்ன முறுக்கு பொருந்தாது. அதில் சக்கரத்தைச் சுழற்றிக்கொண்டே இறுக்கி, பிறகு தளர்த்தி, விரலிறுக்கத்துக்குக் கொண்டுவந்து காட்டர் பின் போடுவார்கள். இம்மியளவு ஆட்டம் அதற்கு வேண்டும். பின் சக்கரம் வண்டியைத் தள்ளுகிற வகை இன்னோவா வைத்திருப்பவர்களுக்கு வேறு கதை. பேரிங் ஆக்சில் மேலேயே பிரஸ் செய்திருக்கும், பூட்டு வளையத்தை வெட்டித்தான் எடுக்க வேண்டும், கூடவே ஆயில் சீலும் மாற்ற வேண்டும். சீல் விட்டுவிட்டால் கிரௌன் ஆயில் பிரேக் ஷூவில் ஊறும். அம்பாசடர் நாளிலிருந்தே அந்த நாற்றம் எனக்குப் பழக்கம்.

பேரிங் வாங்குவது பற்றி ஒன்று. போலி நிறைய இருக்கிறது, பெட்டி அசலைவிட அழகாக இருக்கும். பில் போட மாட்டேன், பாதி விலைக்குத் தருகிறேன் என்றால் நடையைக் கட்டுங்கள். படம் எடுத்து அனுப்பினால் அசலா என்று பார்த்துச் சொல்ல எஸ்கேஎஃப் ஒரு செல்போன் செயலியே வைத்திருக்கிறது. புதுப்பேட்டையில் கிடைக்காத பொருள் இல்லை. கதவு வாங்குங்கள், கண்ணாடி வாங்குங்கள், பழைய பேரிங் மட்டும் வாங்காதீர்கள். "ஒண்ணு போனா ரெண்டையும் மாத்தணும்" என்கிறவரிடம் ஏன் என்று கேளுங்கள். வெள்ளத்தில் நின்ற வண்டி என்றால் அவர் சொல்வது சரி. வயதாகி ஒன்று போயிருந்தால் மற்றதைச் சுழற்றிப் பார்த்துவிட்டு முடிவு செய்யலாம்.

வேலை முடிந்து 50 கிலோமீட்டர் ஓடிய பிறகு வீல் நட்டுகளை ஒரு தடவை இறுக்கிப் பாருங்கள். அன்று மாலை இரண்டு பின் சக்கரங்களின் நடுவிலும் கையைப் பக்கத்தில் கொண்டுபோய்ச் சூடு ஒப்பிட்டுப் பாருங்கள். ஒன்று மட்டும் கொதித்தால் வண்டியைத் திருப்பிக் கொண்டுவந்துவிடுங்கள், எந்த ஷெட்டில் போட்டிருந்தாலும் அந்த ஷெட்டுக்கே. டிசையர் தம்பி ஏர்போர்ட் டிரிப்பை அன்று விட்டுக்கொடுக்க வேண்டியதாயிற்று. டிரம் வர மறுநாள் மதியம் ஆனது. போகும்போது பழையதைத் துணியில் சுற்றி டாஷ்போர்டில் வைத்துக் கொடுத்தேன். முன்பு போட்ட ஷெட்டில் காட்டப் போவதாகச் சொன்னார். சண்டை போடாமல் காட்டச் சொல்லியிருக்கிறேன்.

அன்புடன்,
உங்கள் மெக்கானிக் அண்ணன்

பி.கு.: ஷெட் சுவரில் கம்பியில் கோத்துத் தொங்கும் பழைய பேரிங்குகளைப் பார்த்துவிட்டு, பின் தெருப் பையன்கள் இரண்டு பேர் பேரிங் வண்டி செய்ய நாலு வேண்டும் என்று வந்து நிற்கிறார்கள். துருப் பிடித்ததை நானே கொடுத்தேன். ஒருவன் வாங்கி, காதுக்குப் பக்கத்தில் வைத்துச் சுற்றிப் பார்த்துவிட்டு, "இது வேணாம் தாத்தா, வேற குடுங்க" என்கிறான்.